எல்லை வரைவு: மூன்றாம் திருத்தம்

‘பெருநகரப் புறப்பகுதி என்பது’
என்று தொடங்கி விட்டேன்.
பதினோரு நாளாக
அந்த ‘என்பது’க்குப் பிறகு
ஒரு சொல்லும் உட்கார மறுக்கிறது.

கலிவரதன் சார் சொன்னார்:
வில்லியனூரை உள்ளே போடு.
பட்டானூரை விட்டுவிடு, அது தமிழ்நாடு.
விட்டேன்.
திரையில் பட்டானூர் இருந்த இடம்
பல் பிடுங்கிய ஈறு.
நாள் முழுக்க நாக்கு
அங்கேயேதான் போய்க்கொண்டிருந்தது.

கோரிமேடு தாண்டி ஒரு தெரு.
மேலண்டைச் சாரி விழுப்புரம் மாவட்டம்,
கீழண்டைச் சாரி நாங்கள்.
நவம்பர் மழைக்கு
இந்தச் சாரியில் பள்ளிக்கூடம் லீவு,
அந்தச் சாரியில் இல்லை.
அஞ்சலாட்சியின் மகன்
சீருடை, குடை, முதுகில் மூட்டையோடு வேனுக்கு நிற்கிறான்.
எதிர்வீட்டுப் பையன்
வெறும் டவுசரில் நனைந்துகொண்டே வந்து
அவனுக்கு டாட்டா காட்டுகிறான்.
ஆகஸ்ட் பதினாறிலும் இதே காட்சிதானாம்,
மழை மட்டும் இருக்காதாம்.

கருவியைத் தூக்கிக்கொண்டு அளக்கப் போனோம்.
ஒரு வீட்டில் கோடு
கூடத்தில் நுழைந்து
சமையல்கட்டு வழியாக வெளியேறியது.
மரியசூசை அடுப்பை அணைக்காமலே கேட்டார்:
“தோசைக்கல்லு எந்த ஸ்டேட்டும்மா?”
சிரித்தோம்.
அவர் உள்ளே போய்
இரண்டு மின்சார ரசீதுகளை எடுத்துவந்து
மேசையில் வைத்தார். சிரிக்கவில்லை.

பெயரிலும் தகராறு.
‘புறநகர்’ என்றால் புறத்தே தள்ளினாற்போல் இருக்கிறதாம்,
ஓட்டுக் கேட்டு வருகிறவர்களுக்குச் சங்கடம்.
‘விரிநகர்’ என்றேன்,
பாய் விற்கிற கடையா என்றார்கள்.
‘பெரும்புதுச்சேரி’ என்று யாரோ சொல்ல,
முள்ளோடைக்கு அந்தப் பக்கம் இருந்து
தினம் பஸ் ஏறி வருகிற தனசெல்வி
பேனாவை மூடி வைத்தாள்:
“அப்ப நாங்க என்ன, சிறுகடலூரா?”

எல்லைப்பிள்ளைச்சாவடியைப் பாருங்கள்.
எல்லையைப் பெயரிலேயே தூக்கி வைத்துக்கொண்டு
ஊர் நடுவில், நெரிசலில், சிக்னலுக்கு நிற்கிறது.
எதன் எல்லை என்று டீக்கடையில் கேட்டால்
“மூலக்குளம் இப்பிடியே நேரா” என்கிறார்கள்.

போன சனிக்கிழமை சென்னையில்
இரவு பஸ்ஸுக்கு நின்றேன்.
பாண்டி, பாண்டி, பாண்டி என்று நடத்துநர் கூவ
மொத்தக் கூட்டமும் முண்டியடித்து ஏறியது.
சன்னல் சீட்டுக்காரர் போனில் சொன்னார்:
“நம்மூரு பாண்டிதாங்க.”
எல்லாரும் ஒரே ஊர்க்காரர்கள், நிம்மதியாகத் தூங்கினோம்.

கனகசெட்டிக்குளத்தில் இரண்டு பேர் இறங்கினார்கள்.
காலாப்பட்டில் பெட்டியோடு மாணவிகள்.
பொம்மையார்பாளையத்தில்
கூடைக்குள் எதுவோ கத்திக்கொண்டே இறங்கியது.
கோட்டக்குப்பத்தில் ஏழு பேர்,
சன்னல் சீட்டுக்காரரும் சேர்த்து.
முத்தியால்பேட்டையில் பாதி பஸ்.
புதுச்சேரி வரவேற்று, தமிழ்நாடு வரவேற்று,
மறுபடி புதுச்சேரி வரவேற்றபோது
வரவேற்க ஆளே இல்லை.

பஸ் நிலையத்தில் மிஞ்சியது
ஓட்டுநர், நடத்துநர், நான்,
கடைசி சீட்டில் உறங்கிக்கொண்டிருந்த ஒருவர்.
தட்டி எழுப்பியதும் கண்ணைக் கசக்கிக் கேட்டார்:
“கடலூர் பஸ் எங்க நிக்கும்?”
எனக்கும் அது ஊர் இல்லை.
லாஸ்பேட்டைக்கு ஆட்டோ பேசினேன்.
திங்கட்கிழமை காலை ஆபீஸ் கிளம்பும்போது
என்னை அறியாமல் சொல்லிவிட்டுத்தான் செருப்பு மாட்டினேன்:
“பாண்டிக்குப் போயிட்டு வர்றேன்.”

அன்றைக்கு ‘என்பது’க்குப் பிறகு
சொற்கள் உட்கார்ந்தன:

‘...தொலைவில் இருக்கும்போது
பாண்டி என்று சொல்லப்படுவதும்,
வந்து சேர்ந்தபின்
பாண்டிக்குப் போகவேண்டும் என்று சொல்லப்படுவதுமான
நிலப்பகுதி.’

மாலையில் கோப்பு திரும்பி வந்தது.
கலிவரதன் சார் எதையும் அடிக்கவில்லை.
ஓரத்தில் மட்டும், சிவப்பு மையில்,
சின்ன எழுத்தில்:
‘சரி. எத்தனை சதுர கிலோமீட்டர்?’